ஏழையின் முகம் யாருக்குச் சொந்தம்?

துன்புறுவோரின் நிலையை உலகறியச் செய்வது நற்செயல் என்பதில் நமக்கு ஐயமில்லை. எனினும், துன்பத்தைப் படம்பிடித்துக் காட்டும் ஒவ்வொரு செயலும் நற்செயல் ஆகிவிடுமா? தென் அமெரிக்காவின் கொலம்பியா நாட்டில் எழுபதுகளில் உருவான குறும்படம் ஒன்று இவ்வினாவைக் கூர்மையாக எழுப்பியது.

1972இல் அந்நாட்டு அரசு ஒரு திட்டம் வகுத்தது. முழுநீளப் படத்திற்கு முன் உள்நாட்டுக் குறும்படம் காட்டப்பட்டால், நுழைவுச்சீட்டின் விலையைச் சற்று உயர்த்தலாம். அந்த வருவாயில் ஒரு பங்கு படமெடுத்தவரைச் சேரும். நோக்கம் நல்லதே. ஆனால், விரைவாகவும் மலிவாகவும் படமெடுக்க விரும்பிய பலருக்குத் தெருவோர வறுமையே எளிய கருப்பொருளாயிற்று. ஐரோப்பாவிலும் அத்தகைய படங்களுக்கு வரவேற்பு இருந்தது. பசி விற்பனைச் சரக்காயிற்று.

இப்போக்கைச் சாடவே லூயிஸ் ஓஸ்பினா, கார்லோஸ் மயோலோ என்னும் இரு இயக்குநர்கள் 1977இல் 'அகர்ராந்தோ புவெப்லோ' என்னும் படத்தை எடுத்தனர். 'வறுமையின் இரத்தக் காட்டேரிகள்' என்னும் பொருள் தரும் பெயரால் அது வெளிநாடுகளில் அறியப்படுகிறது. ஆவணப்படம் போலத் தோன்றினும் அது புனைவே. ஜெர்மன் தொலைக்காட்சிக்காக வறுமையைத் தேடும் படக்குழு ஒன்று இரவலரைத் துரத்திப் படம் பிடிக்கிறது. நீரூற்றில் காசுகளை எறிந்து சிறுவரைக் குதிக்கச் செய்கிறது. ஒரு குடிசையின் முன் கூலிக்கு ஆள் அமர்த்தி, வறிய குடும்பமாக நடிக்க வைக்கிறது. அப்போது அக்குடிசைக்கு உரியவர் குறுக்கிடுகிறார். நீட்டிய பணத்தை இழிவுபடுத்தி மறுக்கிறார். படச்சுருளை வெளியே இழுத்துப் பாழாக்குகிறார். அவராக நடித்தவர் லூயிஸ் அல்ஃபோன்சோ லொண்டோனோ. இறுதியில் இயக்குநர்கள் அவருடன் அமர்ந்து, அவர் கருத்தைக் கேட்கின்றனர்.

இங்கே ஒரு மறுப்பு எழக்கூடும். துயரப் படங்களைக் காணாவிடில் நம் உள்ளம் இளகுமா? உதவி சென்று சேருமா? இம்மறுப்பை நாம் எளிதில் தள்ளிவிட இயலாது. கண்ணுக்கு மறைவான துன்பம் கேட்பாரற்றுப் போவதும் உண்மையே. ஆயினும், இரக்கத்தைத் தூண்டுவதற்காக ஒருவரின் மானத்தை விலையாகக் கொடுக்கும் உரிமையை நமக்கு அளித்தவர் யார்? அந்த விலையைச் செலுத்துபவர் நாமல்லர், படத்தில் இருப்பவரே.

ஆகவே, காட்டலாமா, கூடாதா என்பதன்று வினா. காட்டப்படுபவர் 'வேண்டாம்' என்று சொல்ல இடமுண்டா என்பதே வினா. இதே இருவர், 1971இல் காலி என்னும் நகரில் அமெரிக்கக் கண்டத்து நாடுகளின் விளையாட்டுப் போட்டிகள் நடந்தபோது, அரங்கினுள் நுழைய இயலாத எளியோரின் பக்கம் நின்று படமெடுத்தனர். அங்கும் வறுமை தெரிந்தது. ஆனால், அதற்கு வாய் இருந்தது.

பார்ப்பவர்க்கும் இதில் பங்குண்டு. வாங்குவோர் இருக்கும்வரை சரக்கு வந்துகொண்டேயிருக்கும். மெலிந்த குழந்தையின் படத்தைக் கண்டு கண் கலங்கும்போது, அக்குழந்தையின் பெயரை அறிய விழைகிறோமா, அல்லது நம் கண்ணீரைக் கண்டு நாமே நிறைவு கொள்கிறோமா? முன்னதே அன்பின் தொடக்கம். பின்னதில் ஏழை நமக்கு ஒரு கருவியாகிறார். நாம் கொடுப்பது பெருந்தொகையே ஆயினும், அவரிடமிருந்து எடுத்துக்கொண்டது அதனினும் பெரிது.