கடிகாரத்தைத் திருப்பினால் கணக்கு தீருமா?

2016இல் வெளியான '24' படத்தில் சேதுராமன் என்ற விஞ்ஞானி காலத்தை ஆட்டிவைக்கும் கைக்கடிகாரம் ஒன்றைச் செய்கிறார். பல ஆண்டுகள் கழித்து அது அவர் மகன் மணியின் கைக்கு வருகிறது. மழைத்துளிகளை அந்தரத்தில் நிறுத்திப் பார்க்கிறான். ஒரு பெண்ணின் மனதில் இடம்பிடிக்கவும் அதையே பயன்படுத்துகிறான். அவளுடைய நேரத்தை அவளுக்கே தெரியாமல் திருப்ப இவனுக்கு உரிமை கொடுத்தது யார்? படம் அதைக் கேட்கவில்லை. பார்த்தவர்களில் பெரும்பாலோரும் கேட்கவில்லை.

அப்படி ஒரு கடிகாரம் கிடைத்தால் எந்த நாளுக்குப் போவீர்கள் என்று அக்கம்பக்கத்தில் கேட்டுப் பாருங்கள். கோட்டைவிட்ட தேர்வு, வாங்கத் தவறிய மனை, முறிந்துபோன சம்பந்தம் என்றுதான் பதில் வரும். செய்ததற்குப் பதில் சொல்லாமலே அது நடக்காததுபோல் ஆகிவிட வேண்டும். அந்த ஆசையின் உள்ளே இருப்பது இதுதான். பரிகாரம் தேடி ஓடுகிறவரின் ஆசையும் இதுவே. எள் விளக்கு ஏற்றினால் பழி போகும் என்பவரும், முள்ளைத் திருப்பினால் பழி போகும் என்பவரும் ஒரே வரிசையில் நிற்கிறார்கள். கொடுமைக்கு ஆளானவர் அந்த வரிசையில் இல்லை.

முத்துக்குளித்துறைக் கடற்கரைக்கு மந்திரம் விற்கும் வியாபாரம் பழையது. சுறாவின் வாயைக் கட்டுவதாகச் சொல்லும் மந்திரக்காரர்களுக்கு, எடுத்த முத்தில் இருபதில் ஒரு பங்கு கொடுக்கப்பட்டதாக 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் இந்தப் பக்கம் வந்த மார்க்கோ போலோ எழுதியிருக்கிறார். கட்டு பகலுக்கு மட்டும்தான், இரவில் அவிழ்த்துவிடுவார்களாம். பங்கு மந்திரம் சொன்னவனுக்கு, ஆபத்து மூச்சடக்கி இறங்கினவனுக்கு.

அதே கடற்கரையில் அறிவின் வழியும் இருந்தது. சலாபம் எனும் முத்துக்குளிப்பை அறிவிக்கும் முன், சிப்பிகள் வாழும் கடலடிப் பாரில் மூழ்கி மாதிரிச் சிப்பிகளை எடுப்பார்கள். அவற்றைத் திறந்து, கழுவி, கிடைத்த முத்துகளுக்கு விலை மதிப்பிடுவார்கள். சிப்பி முற்ற நான்கைந்து ஆண்டு ஆகும். முற்றவில்லை என்றால் அந்த ஆண்டு சலாபம் கிடையாது. இளஞ்சிப்பியை அள்ளிவிட்டு அப்புறம் அழுது பயனில்லை என்பதால், கை வைக்கும் முன்பே கணக்குப் பார்த்தார்கள். காலத்தை ஆள மனிதனுக்கு இருக்கும் ஒரே கருவி முன்யோசனை. அதுவும் எல்லாவற்றையும் காப்பாற்றிவிடாது. 1961க்குப் பிறகு தூத்துக்குடிக் கடலில் சலாபம் நடக்கவில்லை. 1973இல் கே. அழகர்சாமி இங்கே வளர்ப்பு முத்தை உருவாக்கிக் காட்டினார். சிப்பிக்குள் கரு வைத்து முத்தை வரவழைக்க அறிவியலால் முடிந்தது. பழைய பார்களை அதனால் திருப்பித் தர முடியவில்லை.

இப்போது அதே தூத்துக்குடியில் 2018 மே 22க்கு வருவோம். ஸ்டெர்லைட் தாமிர ஆலைக்கு எதிரான போராட்டத்தின் நூறாவது நாள். கலெக்டர் அலுவலகம் நோக்கிப் போன மக்கள் மீது போலீஸ் சுட்டது. அந்தத் துப்பாக்கிச் சூடுகளில் 13 பேர் இறந்தார்கள். முள்ளை அன்று காலைக்குத் திருப்பினால் போதும் என்று தோன்றும். ஆனால் மந்திரக் கடிகாரம் எதுவும் இல்லாமலே அரசின் கையில் 99 நாள் இருந்தது. குமாரரெட்டியபுரத்து மரத்தடியில் உட்கார்ந்து போராடியவர்களிடம் போய்ப் பேச அதில் ஒரு நாள் போதாதா? இருந்த நாட்களை வீணாக்கியவர்களுக்குப் போன நாளைத் திருப்பிக் கொடுத்தால் மட்டும் என்ன செய்துவிடுவார்கள்?

காலத்தை உறையவைக்கும் கருவியும் நம்மிடம் உண்டு. அதன் பெயர் கோப்பு. அந்தத் துப்பாக்கிச் சூட்டை விசாரித்த நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையத்தின் இறுதி அறிக்கை 2022இல்தான் அரசிடம் வந்தது. அந்த அக்டோபரில் சட்டமன்றத்தில் வைக்கப்பட்டது. காவல் துறையினர் 17 பேர் மீது நடவடிக்கைக்குப் பரிந்துரைத்தது. ஒவ்வொரு தாமதமும் குற்றத்தின் வயதைக் கூட்டி, கோபத்தின் சூட்டைக் குறைக்கிறது. மணி மழைத்துளியை நிறுத்தியது விளையாட்டு. நீதியை நிறுத்திவைப்பது விளையாட்டு அல்ல.

'எல்லாம் காலத்தின் கோலம்' என்று பெருமூச்சு விடுவது பகுத்தறிவுக்கு எதிரானது. காலம் யாரையும் சுடவில்லை. உத்தரவிட்டவர்களும் விசை இழுத்தவர்களும் மனிதர்கள். அவர்களைக் கேள்வி கேட்க வேண்டியவர்களும் மனிதர்கள். போனதைத் திருப்ப முடியாது என்பதால்தான் செய்ததற்குப் பொறுப்பு என்று ஒன்று இருக்கிறது. அழிக்க முடிந்த குற்றத்துக்கு யாரும் அஞ்ச மாட்டார்கள். அப்படி ஒரு கடிகாரம் வந்தால் அது முதலில் போய்ச் சேருவது சுட்டவன் கையில்தான். செத்தவன் வீட்டுக்கு வராது.

ஆகவே நல்ல நேரம் பார்ப்பதையும் பழைய நேரத்துக்கு ஏங்குவதையும் விடுங்கள். உங்கள் ஊரில் இன்று எத்தனையாவது நாளாக யார் மனு கொடுத்துக்கொண்டிருக்கிறார்கள் என்று பாருங்கள். அவர்களுக்கு நூறாவது நாள் வரும் முன் போய் உடன் நில்லுங்கள்.