அளக்க வந்தவள்

கூடுவாஞ்சேரியில் ஏரிப் பக்கம் ஒரு பழைய ஓட்டு வீடு. பாகம் கேட்டு அண்ணன்மீது தங்கை போட்ட வழக்கில், அதை அளந்து அறிக்கை தர நீதிமன்றம் என்னை வழக்கறிஞர் ஆணையராக நியமித்திருந்தது. சர்வேயர் வந்தாயிற்று, இரு தரப்பு வக்கீல்களும் வந்தாயிற்று. வழக்குப் போட்ட பெண் மட்டும் கேட்டுக்கு வெளியே வேப்பமரத்தடியில் நின்றார். அவர் பிறந்த வீடு அது.

"உள்ளே வாங்கம்மா."

"நீங்க பாருங்க மேடம். நான் இங்கியே நிக்கிறேன்."

உள்ளே அண்ணன் ஒவ்வொரு சுவராகக் காட்டினார். இது அப்பா கட்டியது, இது நான் கட்டியது. அவர் மனைவி எனக்கு மோர் கொடுத்தார். மரத்தடிக்கு மோர் போகவில்லை.

சிவில் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 26, விதி 9 ஆணையரை அனுப்புகிறது. அடுத்த விதிப்படி அவர் அறிக்கை வழக்கில் சாட்சியமாகிறது. ஆனால் சொத்து யார் அனுபவத்தில் இருக்கிறது என்று தீர்மானிப்பது ஆணையர் வேலை அல்ல. உயர் நீதிமன்றங்கள் இதைத் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. நீளம், அகலம், கதவு, கிணறு, மரம் என்று கண்ணில் பட்டதை எழுதலாம். கேட்டுக்கு வெளியே நிற்கும் தயக்கத்தை எழுத முடியாது.

இது நியாயமா? தொழிலுக்கு வந்த புதிதில் எனக்குக் கோபம் வரும். இப்போது அந்த வரம்பு வேண்டும் என்றே நினைக்கிறேன். கேட்டதையெல்லாம் எழுதலாம் என்றால் என்னிடம் பேச முன்வருகிறவர்கள் பெரியப்பாவும் தரகரும்தான். 'கட்டிக்கொடுத்து அனுப்பிய பெண்ணுக்கு இங்கே என்ன?' என்ற பேச்சும் அறிக்கையில் ஏறிவிடும்.

அநீதி எழுதும் இடத்தில் மட்டும் இல்லை. அதற்கு முன்பே, யார் காட்டி நான் பார்க்கிறேன் என்பதில் தொடங்கிவிடுகிறது. சட்டமே வெகுகாலம் மகளை வாசலில் நிறுத்தியிருந்தது. இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 23ஆம் பிரிவு, குடும்பம் குடியிருக்கும் வீட்டை ஆண் வாரிசுகள் பிரித்துக்கொள்ளும்வரை பெண் வாரிசு பாகம் கேட்க முடியாது என்றது. தமிழ்நாடு 1989இல் மகள்களுக்குப் பூர்வீகச் சொத்தில் பிறப்புரிமை தந்தபோது, அதற்கு முன் மணமானவர்களை விட்டுவிட்டது. இரண்டு தடையும் 2005 செப்டம்பர் 9 முதல் நீங்கின. அன்று அப்பா உயிரோடு இருந்திருக்கத் தேவையில்லை என்று 2020இல் வினீதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. ஆனாலும் அந்தப் பெண் மரத்தடியில்தான் நிற்கிறார். மனை விலை ஏறியதும் வந்துவிட்டாள் என்று ஊர் பேசும். விலை ஏறியதால்தான் அண்ணன் விட மறுக்கிறான் என்று யாரும் பேசுவதில்லை.

நான் வெளியே போய், "கிணறு எங்கே என்று நீங்கள்தான் காட்ட வேண்டும்" என்றேன். அது பரிவு அல்ல. இரு தரப்பும் முன்னிலையாகிக் காட்ட வேண்டும் என்பதே முறை. அவர் வந்தார். மண் மூடிய பழைய கிணற்றின் இடத்தைக் காட்டினார். அண்ணன் அதைச் சொல்லியிருக்கவில்லை.

அத்தோடு முடிந்திருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். பின்பக்கம் அளக்கும்போது அண்ணி மெல்லக் கேட்டார்: "இந்தச் சமையல்கட்டு என் நகைய வித்துப் போட்டது மேடம். அத எழுதுவீங்களா?"

அவர் வாதியும் இல்லை, பிரதிவாதியும் இல்லை. மாமியாரைக் கடைசிவரை பார்த்துக்கொண்டவர். வீடு பிரிந்தால் எந்தப் பாகமும் அவர் பெயருக்கு வராது. நாத்தனாரின் உரிமையில் எனக்குச் சந்தேகமே இல்லை. அந்த உரிமையின் கோடு இந்த அடுப்பின் குறுக்கே போகக்கூடும் என்பதையும் நான் பார்த்தேன். ஒரு பெண்ணுக்குத் தாமதமாக வந்த நீதி, இன்னொருத்தியின் கணக்கில் வராத உழைப்பின்மேல்தான் நடக்க வேண்டுமா?

"கூண்டில் ஏறிச் சாட்சி சொல்லலாம்மா. ரசீது இருந்தால் எடுத்து வையுங்கள்" என்றேன். நகை விற்ற ரசீதை யார் வைத்திருப்பார்கள் என்று அவர் பார்வை கேட்டது.

அறிக்கையில் எழுதினேன்: 'வீட்டின் பின்புறம் சமையல்கட்டு. 10 அடிக்கு 8 அடி. ஆஸ்பெஸ்டாஸ் கூரை.' அதில் பொய் ஒன்றும் இல்லை.