காற்றில் துளிர்க்கும் கிழங்கு

1

மானாம்பதிப் பக்கத்து வீடுகள் சிலவற்றில் நிலைப்படிக்கு மேலே மஞ்சள் கயிற்றில் ஒரு கிழங்கு தொங்கும். மேலே குங்குமப் பொட்டு. மண் கிடையாது, தண்ணீர் ஊற்றுவாரும் கிடையாது. கோடை முழுவதும் காய்ந்த கட்டையாகக் கிடந்துவிட்டு, மழை வாடை அடித்ததும் தலைப்பில் ஒரு பச்சை முளை விடும். சில நாளில் கொடியாகி, இலை விரித்து, நிலைக்கட்டையைத் தொட்டுக்கொண்டு நிற்கும். ஆகாச கருடன் கிழங்கு என்பார்கள்.

மாயாஜாலக் கதை எழுதுகிறவர் ஒரு செடிக்கு என்னென்ன வரம் கொடுப்பாரோ அத்தனையையும் ஊர் இதற்குக் கொடுத்திருக்கிறது. கண்ணேறு படாது. ஏவல், சூனியம் வாசல் தாண்டாது. கருடன் பெயர் இருப்பதால் பாம்பு அண்டாது. கிழங்கு சுருங்கிப் போனால் வீட்டுக்கு வந்த கேட்டை அது தன் மேல் வாங்கிக்கொண்டது என்று பொருள். அமாவாசை பார்த்து வேறொன்று வாங்கிக் கட்டுவார்கள்.

2

பாகல், பூசணி, கோவை இவற்றின் குடும்பம்தான் இதுவும். கொல்லங்கோவை என்றும் பெயர். தாவரவியலில் கொராலோகார்பஸ் எபிஜியஸ். வறண்ட நிலத்தில் வேலியோரப் புதரில் படரும். பழம் சிறியது, சிவப்பு. கிழங்கு கடும் கசப்பு.

வேனிலில் கொடி பட்டுப்போகும். கிழங்கு மண்ணுக்குள் உறங்கும். தண்ணீரும் மாவும் அதற்குள்ளேயே சேமிப்பாக இருக்கின்றன. பருவம் திரும்பியதும் அதை எடுத்துத் துளிர்க்கிறது. கயிற்றில் கட்டினாலும் இதையேதான் செய்கிறது. ஆனால் மண்ணில் இருந்தால் வேர் ஈரத்தைக் கொண்டுவந்து தரும், இலை சமைப்பது கிழங்குக்குத் திரும்பும். கயிற்றில் ஈர வரவு இல்லை. சேமிப்பிலிருந்து எடுத்துத்தான் ஒவ்வொரு இலையையும் விடவேண்டும். அதனால் சுருங்குகிறது.

இதைத் தெரிந்துகொண்ட பிறகு எனக்கு வியப்பு குறையவில்லை, கூடிவிட்டது. நாம் அதை வாசலில் காவலுக்கு வைத்தோம். அதுவோ மழைக்காலம் வந்ததை மட்டும் கணக்கில் எடுத்துக்கொண்டு, இருக்கிறதைச் செலவழித்து வாழ்ந்து பார்க்கிறது.

3

மூலிகை பறிக்கப் பழைய வைத்தியர்களிடம் ஒரு முறை உண்டு. செடிக்குக் காப்புக் கட்டி, படையல் வைத்து, சாப நிவர்த்தி மந்திரம் சொல்லி, அதன் பிறகே கை வைப்பார்கள். சில மூலிகைகளில் வடக்கே ஓடும் வேரை மட்டுமே எடுக்க வேண்டும். வெள்ளெருக்கின் வடக்கு வேரில் பிள்ளையார் செய்வது இன்றும் இருக்கிறது.

மந்திரத்தை நம்பாதவரும் இந்த விதியை ஒரு நிமிடம் யோசிக்கலாம். ஒரு பக்கத்து வேரை மட்டும் எடுத்தால் செடி பிழைத்துக்கொள்ளும். இத்தனை சடங்கு செய்து பறிக்கிறவன் கூடை கூடையாகப் பறிக்க மாட்டான். கோயில் வாசல் கடையில் ஆகாச கருடன் கிழங்குகளைக் குவியலாகப் பார்க்கும்போது இந்த விதிதான் நினைவுக்கு வருகிறது. கிழங்கைத் தோண்டினால் அந்த இடத்தில் கொடிக்கு அடுத்த மழை கிடையாது.

4

இந்தப் பக்கத்து உத்திரமேரூர்க் கல்வெட்டு என்றதும் குடவோலைத் தேர்தல் நினைவுக்கு வரும். 919, 921 ஆண்டுகளில் பராந்தக சோழன் காலத்தில் வெட்டியவை. அவற்றில் ஏரி வாரியத்தோடு தோட்ட வாரியமும் இருக்கிறது. ஆனால் மூலிகையைப் பற்றி யோசிக்கிறவர் போகவேண்டிய கல்வெட்டு, பாலாறும் செய்யாறும் வேகவதியும் கூடுகிற திருமுக்கூடலில், வேங்கடேசப் பெருமாள் கோயிலில் இருக்கிறது. வீரராஜேந்திர சோழன் காலம், 1068ஐ ஒட்டியது.

அங்கே வீரசோழன் என்ற பெயரில் ஓர் ஆதுலர் சாலை, அதாவது மருத்துவமனை, நடந்திருக்கிறது. 15 படுக்கை. ஒரு வைத்தியர், அறுவை செய்கிறவர் ஒருவர், மருந்து கொடுத்துப் பார்த்துக்கொள்ளும் பெண்கள், மூலிகையும் விறகும் கொண்டுவர இருவர். கூலி நெல்லாகவும் காசாகவும். நோயாளிகள் படுத்திருக்கும் இடத்தில் இரவு விளக்கெரியவும் ஏற்பாடு உண்டு. ஓராண்டுக்குச் சேமித்து வைக்கவேண்டிய மருந்துகளின் பட்டியலில் கடுக்காய் வருகிறது, வில்வ நெய் வருகிறது, பூண்டும் ஆமணக்கும் சேர்ந்த தைலம் வருகிறது. அத்தனையும் தெரிந்த சரக்கு.

சாவை விரட்டும் மூலிகை ஒன்றைத் தேடியலைந்த காலம் என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கும் காலத்தில், இந்த ஊர்ப்பக்கம் சாதாரணச் செடியையும் அதை அறிந்த ஆளையும் நம்பியிருக்கிறார்கள். வேர் தேடிப் போன அந்த இருவரின் பெயரைக் கல் சொல்லவில்லை. வேலையைச் சொல்கிறது. அதுவே பெரிது.

5

பாம்புக்கடிக்கு ஆகாச கருடனை அரைத்துக் கொடுக்கும் வழக்கம் உண்டு. இங்கே மட்டும் என் வியப்பு நின்றுவிடுகிறது. கட்டுவிரியன் பெரும்பாலும் இரவில் கடிக்கும், வலிகூடத் தெரியாது. மெல்லக் கண் இமை சரியும், பிறகு மூச்சு நிற்கும். கிழங்கைத் தேடும் நேரம் உயிருக்கான நேரம்.

விஷமுறிவு மருந்துக்கு வேண்டிய விஷமும் வெகு தொலைவிலிருந்து வரவில்லை. மாமல்லபுரத்துக்குப் பக்கத்தில் வடநெம்மேலியில் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் 1978 முதல் இருக்கிறது. நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் நான்கையும் பிடித்து, விஷம் எடுத்து, பாம்பைத் திரும்பக் காட்டில் விடுகிறார்கள். அந்த விஷத்தைச் சிறுகச் சிறுகக் குதிரைக்கு ஏற்றி, அதன் இரத்தத்தில் உண்டாகும் எதிர்ப்பொருளிலிருந்து மருந்து தயாரிக்கிறார்கள். இருளரான வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் 2023இல் பத்மஸ்ரீ கிடைத்தது. காட்டு மூலிகைகளைத் தலைமுறையாக அறிந்த சமூகம் அது. திருமுக்கூடலில் கூலி வாங்கிக்கொண்டு வேர் தேடிய அறிவும் இந்த அறிவும் ஒரே வரிசை.

6

வாசலில் கிழங்கு கட்டியிருப்பவரோடு எனக்கு வழக்கு இல்லை. மனசுக்கு ஒரு காவல் வேண்டியிருக்கிறது, இருந்துவிட்டுப் போகட்டும். இரண்டு காரியம் மட்டும் கேட்கிறேன். வேலியில் படர்ந்திருக்கும் கொடியைத் தோண்டாதீர்கள், பழுத்து விதை விழட்டும். பாம்பு கடித்தால் வாயில் எதையும் அரைத்துப் போடாமல், கடிபட்டவரை நடக்கவிடாமல், நேரே அரசு மருத்துவமனைக்குத் தூக்கிப் போங்கள்.