மங்கில் விழும் சொட்டு

(லூமுட் படகுத்துறை. பங்கோர் தீவுக்குப் போகும் ஃபெர்ரி இன்னும் வரவில்லை.)

சீடன்: ஐயா, கேமராவை அசைக்காமல் பத்து நிமிடம் இந்தத் துறையைப் படம் எடுத்தேன். பார்த்த நண்பர்கள், "ஒன்றுமே நடக்கவில்லையே" என்கிறார்கள்.

குரு: நீ என்ன பார்த்தாய்?

சீடன்: கடல் ஏறியது. தூணில் ஈரம் ஒரு விரற்கடை உயர்ந்தது.

குரு: அப்படியானால் நடந்திருக்கிறது. ஈரானின் அப்பாஸ் கியாரோஸ்தமி 2003இல் எடுத்த 'ஃபைவ்' படத்தில் ஐந்தே நீண்ட காட்சிகள். முதல் காட்சியில், கரையில் கிடக்கும் மரத்துண்டை அலை உருட்டுகிறது. துண்டு இரண்டாகிறது, ஒன்றைக் கடல் கொண்டுபோகிறது. பொறுத்துப் பார்த்தவனுக்கு அது ஒரு பிரிவு.

சீடன்: ஒரு சந்தேகம் ஐயா. அசையாமல் பார்ப்பதே கலை என்றால், அதோ கம்பத்திலிருக்கும் கண்காணிப்புக் கேமராவும் கலைதானே செய்கிறது?

குரு: அது குற்றத்துக்குக் காத்திருக்கிறது. குற்றமில்லாத நாளெல்லாம் அதற்கு வெறும் நாள். கிரிஸ் சோங் சான் ஃபுயின் குறும்படம் 'பிளாக் பி' (2008) கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸில் ஓர் அடுக்குமாடியைத் தூரத்திலிருந்து பார்க்கிறது. அங்கே குடியிருக்கும் இந்தியர்கள் நடைவழிகளில் வருகிறார்கள், போகிறார்கள். அந்தப் படம் அவர்களில் யாரையும் சந்தேகிக்கவில்லை.

சீடன்: உழைத்துக் களைத்தவருக்கு இந்தப் பார்வை எதற்கு? நேரம் உள்ளவர்களின் சொகுசு இல்லையா இது?

குரு: என் அம்மா கித்தா (ரப்பர்) தோட்டத்தில் பால் வெட்டியவர். விடியற்காலைக் குளிரில்தான் பால் நன்றாக ஓடும். பட்டையைச் சீவுவார், பால் பிடிக்கும் கிண்ணமான மங்கை வைப்பார், அடுத்த மரத்துக்கு ஓடுவார். இத்தனை மரம் வெட்டியவர், ஒரு சொட்டு மங்கில் விழுவதை ஒருநாளும் நின்று பார்த்ததில்லை. நின்றால் கூலி குறையும். தன் வாழ்க்கையைத் தானே நின்று பார்க்க முடியாதவர்களுக்காக யாராவது நிற்க வேண்டும், தம்பி. அதைச் சொகுசு என்று நான் சொல்லமாட்டேன்.

சீடன்: அந்த மரங்களைப் போய் எடுக்கட்டுமா?

குரு: அங்கே இப்போது செம்பனை நிற்கிறது.

(இருவரும் சற்று நேரம் பேசவில்லை. பெஞ்சில் ஓர் அம்மா, காய்கறிப் பையை மடியில் வைத்து, கடலைப் பார்த்திருக்கிறார்.)

சீடன்: ஃபெர்ரி வர இன்னும் நேரமிருக்கிறது, ஐயா. அந்த அம்மாவிடம் கேட்டுவிட்டு வருகிறேன்.

குரு: கேள். கண்காணிப்புக் கேமரா ஒருபோதும் கேட்பதில்லை.