மன்றின் வாயிலை அடைத்தல் அறமாகுமா?

அநுராதபுரத்தில் அரசோச்சிய எல்லாளன், நீதி வேண்டி வருவோர் எவரும் அசைக்கக்கூடியவாறு நீண்ட கயிறு பூட்டிய மணியொன்றைத் தன் படுக்கையின் தலைமாட்டிலே தொங்கவிட்டிருந்தான் என மகாவம்சம் கூறும். இக்கதையில் மணியினும் கயிறே கருதத்தக்கது. முறையிடுவோன் கைக்கு எட்டாத மணி, எத்துணைப் பெரிதாயினும், நீதியின் சின்னமாகாது.

இக்கால அரசுகள் இம்மணியைப் பலவாகப் பகுத்துள்ளன. தொழில், வரி, காணி, பிரசாவுரிமை என ஒவ்வொரு துறைக்கும் தனிச்சட்டம் இயற்றி, அச்சட்டத்தின் வழியே பரிகாரமும் வகுத்து, 'இனி இவ்விடயத்தைக் குடியியல் நீதிமன்றம் விசாரித்தலாகாது' எனப் பல வேளைகளில் விதிக்கின்றன. இங்ஙனம் பொது மன்றின் வாயிலை அடைப்பது எப்போது அறத்தோடு பொருந்தும் என்பதே வினா.

சட்டவியலார் இதற்கு விடை கண்டுள்ளனர். 1859ஆம் ஆண்டு இங்கிலாந்தில் நீதியரசர் வில்ஸ் ஒரு பகுப்பினைச் செய்தார். பொதுச் சட்டத்தில் முன்னரே இருந்த உரிமைக்குப் புதுச் சட்டம் தனிப் பரிகாரமும் தருமாயின், விலக்கும் சொற்கள் அச்சட்டத்தில் இல்லாதவிடத்து, உரியவன் இரண்டில் ஒன்றைத் தெரியலாம். புதுச் சட்டமே உரிமையைப் படைத்துப் பரிகாரத்தையும் வகுத்திருப்பின், அவ்வழியன்றி வேறு வழியில்லை. சென்னை மாகாணத்தில் பாக்கின் மீது விதிக்கப்பட்ட சுங்கவரி பற்றி எழுந்த வழக்கில், குடியியல் நீதிமன்றத்தின் அதிகாரம் விலக்கப்பட்டதென எளிதில் ஊகித்தலாகாது எனப் பிரிவிக் கவுன்சில் 1940இல் தீர்த்தது. விலக்கப்பட்டவிடத்தும், சட்டத்தின் விதிகள் பின்பற்றப்படவில்லையெனில் நீதிமன்றம் தலையிடலாம் என்றும் அது கூறிற்று. தனி மன்று தரும் பரிகாரம் போதியதா என்பதையும் ஆராய வேண்டுமென இந்திய உச்ச நீதிமன்றம் 1968இல் தூலாபாய் வழக்கில் வலியுறுத்தியது.

போதியதெனின், யாருக்குப் போதியது? இவ்வினாவை உடப்புசல்லாவைத் தோட்டமொன்றில் லயத்தில் வாழ்ந்து கொழுந்து பறிக்கும் தொழிலாளி ஒருத்தியின் நிலையில் வைத்து நோக்குதல் தகும்.

அவள் வேலையிலிருந்து நீக்கப்படுகிறாள் எனக் கொள்வோம். பழைய ஒப்பந்தச் சட்டத்தின்படி மாவட்ட நீதிமன்றம் அவளுக்குத் தரக்கூடியது பெரும்பாலும் நட்டஈடு மட்டுமே. அவளை மீண்டும் வேலைக்கமர்த்தத் தோட்ட நிருவாகத்தைக் கட்டாயப்படுத்தும் மரபு அச்சட்டத்தில் இல்லை. 1950ஆம் ஆண்டின் கைத்தொழிற் பிணக்குகள் சட்டத்துக்கு 1957இல் செய்யப்பட்ட திருத்தம் தொழில் நியாயசபைகளைத் தோற்றுவித்தது. தொழிலாளி தானாகவோ தன் சங்கத்தின் வாயிலாகவோ அங்கு விண்ணப்பிக்கலாம். ஒப்பந்தம் யாது கூறினும், நீதியும் ஒப்புரவுமான கட்டளையைச் சபை வழங்கலாம்; மீள வேலையில் அமர்த்தவும் பணிக்கலாம். இதற்கு ஈடாகச் சட்டம் ஒன்றைக் கேட்கிறது. நியாயசபையில் விசாரணை நடந்து முடிந்தபின், அதே விடயத்துக்கு வேறு சட்டப் பரிகாரம் நாடுதல் இயலாது. வேறு பரிகாரத்தை முதலில் நாடியவர் நியாயசபைக்கு வருதலும் இயலாது.

இங்கே ஒரு வாயில் அடைபடுகிறது. எனினும் அதனினும் அகன்ற வாயிலொன்று முன்னரே திறக்கப்பட்டுவிட்டது. தெரியும் உரிமையும் அவளிடமே உள்ளது. ஆதலின் இவ்விலக்கு அறத்துக்கு மாறானதன்று.

ஆயின் தோட்டத்தில் வேலையும் வீடும் ஒரே முடிச்சில் கட்டப்பட்டவை. பேர் வெட்டப்பட்டால் லயத்து அறையும் போய்விடும் என்ற அச்சம் தலைமுறைகளாக நிலவியது. 1971ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கத் தோட்டக் குடியிருப்புகள் பற்றிய சிறப்பேற்பாடுகள் சட்டம், நீதிமன்றக் கட்டளையின்றித் தொழிலாளியை வெளியேற்றலாகாது என விதித்தது. ஒரே வேலைநீக்கம், ஆனால் வேலைக்கு நியாயசபை, வீட்டுக்கு நீதிமன்றம்! இது முரண்பாடன்று. முன்னதில் பொதுச் சட்டத்தின் வறுமையைத் தனி மன்று போக்கிற்று. பின்னதில் நிருவாகத்தின் கைவலிமைக்கு நீதிமன்றத்தின் நிதான நடைமுறையே கேடயமாயிற்று. எனவே தனி மன்றே நன்று என்றோ, பொது மன்றே நன்று என்றோ பொதுவிதி கூற முடியாது.

மூன்றாவது வாயில் ஒன்றும் உண்டு. 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம், வம்சாவளிப் பிரசையென்பதில் ஐயம் எழுந்தோர் அமைச்சரிடம் சான்றிதழ் கேட்கலாம் என்றது. அமைச்சர் மறுப்பின் அம்மறுப்பே இறுதியானது; அதை எந்த நீதிமன்றத்திலும் எதிர்த்தல் ஆகாது. இங்கு அடைக்கப்பட்ட வாயிலுக்கு மாற்றாக மன்று எதுவும் தரப்படவில்லை. மறுப்பவரே முடிவு கூறுபவருமாயினார். 1949ஆம் ஆண்டின் இந்திய பாகிஸ்தானிய வதிவோர் சட்டம் மேன்முறையீட்டுக்கு வழி வைத்ததாயினும், இடையறாது வதிந்தமைக்குச் சான்று கேட்டு, விண்ணப்பிக்க ஈராண்டே தந்தது. ஏட்டில் வழி இருந்தது, கயிறோ எட்டவில்லை. வாக்குரிமையிழப்பை எதிர்த்த கோடாக்கன் பிள்ளையின் வழக்கும் 1953இல் பிரிவிக் கவுன்சிலில் தோற்றது. 1964இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் எழுதப்பட்டபோது நாடற்றோர் 975,000 பேர் எனக் கணிக்கப்பட்டனர். எஞ்சியோருக்குப் பிரசாவுரிமை வழங்கும் சட்டம் 2003இலேயே வந்தது. மன்றில் கேட்கப்படாத முறைப்பாடு மறைந்துவிடவில்லை. தலைமுறை தாண்டியும் நின்றது.

ஒரு மறுப்பு இங்கு எழும். எல்லா முடிவுகளையும் குடியியல் நீதிமன்றில் மீண்டும் கிளறலாமெனின், செல்வமுடையவர் வழக்கை நீட்டியே வெல்வர். முடிவின் உறுதியே ஏழைக்கு அரண் என்பர். இம்மறுப்பில் உண்மையுண்டு. ஆயின் விரைவின் பெயரால் வாயிலை அடைத்தவிடத்து, அவ்விரைவைத் தருதலும் அரசின் கடனாகிறது. நியாயசபையின் கட்டளைக்கு மேல் மாகாண மேல் நீதிமன்றம், அதன்பின் உயர் நீதிமன்றம் என மேன்முறையீடு தொடர்ந்து ஆண்டுகள் உருளுமாயின், விலக்குக்குச் சொல்லப்பட்ட நியாயம் தேய்கிறது. அன்றாடச் சம்பளத்தில் வாழ்பவளுக்குக் காலமும் ஒரு தண்டனையே.

ஆகவே பொது மன்றை விலக்கும் சட்டம் மூன்று வினாக்களுக்கு விடையிறுத்தல் வேண்டும். மாற்று மன்று, இழந்ததற்கு நிகரான பரிகாரத்தைத் தருகின்றதா? தீர்ப்பளிப்பவர் வழக்கில் ஒரு தரப்பல்லாதவரா? முறையிடுவோர் தம் மொழியில், தம் பொருள்வலிமைக்குள், தம் வாழ்நாளுக்குள் அம்மன்றை அடைய முடியுமா? முதலிரண்டையும் சட்டநூல்கள் ஓரளவு ஆராய்ந்துள்ளன. மூன்றாவதைச் சட்டத்தின் சொற்களை மட்டும் படித்து அறிதல் அரிது. உடப்புசல்லாவை லயத்திலிருந்து அம்மன்றின் படிவரை நடந்து பார்த்தே அதனை அளக்க வேண்டும்.