காவி கட்ட ஆசை, வீட்டைத் தாங்கும் பொறுப்பு

கேள்வி: அப்பா இல்லாத குடும்பத்துக்கு மூத்த மகன். தம்பிகள் இன்னும் படிக்கிறார்கள். மனமோ துறவை நாடுகிறது. வீட்டை விட்டுப் போனால் பாவமா?
(பெயர் வெளியிட விரும்பாத வாசகர்)

பதில்: இதே நெருக்கடி 1884-ல் கொல்கத்தாவில் ஓர் இளைஞருக்கும் வந்தது. அந்தப் பிப்ரவரியில், உயர் நீதிமன்ற வழக்கறிஞரான தந்தை விசுவநாத தத்தர் திடீரென்று காலமானார். கடன்காரர்கள் வாசலில் நின்றார்கள். உறவினர்களே வீட்டுக்கு உரிமை கேட்டு வழக்குப் போட்டார்கள். 21 வயது நரேந்திரர், அதாவது பிற்காலத்து விவேகானந்தர், வேலை தேடி வெறுங்காலோடு அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கினார். வீட்டில் சோறு போதாத நாட்களில், வெளியே விருந்து இருப்பதாகத் தாயிடம் சொல்லிவிட்டுப் பட்டினி கிடந்தார்.

குடும்பக் கஷ்டம் தீரத் தேவியிடம் வேண்டும்படி தம் குரு ராமகிருஷ்ணரைக் கேட்டார். அவரோ, “நீயே போய்க் கேள்” என்று அனுப்பினார். மூன்று முறை காளி சந்நிதிக்குப் போயும் பணம் கேட்க நரேந்திரருக்கு வாய் வரவில்லை. ஞானமும் பக்தியும் வைராக்கியமுமே கேட்டார். கதை சொல்பவர்கள் பலரும் இங்கேயே நிறுத்திவிடுகிறார்கள். ஆனால் நரேந்திரர் அதோடு விடவில்லை. தாய்க்கும் தம்பிகளுக்கும் எளிய சோறு துணிக்குக் குறை வராது என்ற வாக்கைக் குருவிடம் மன்றாடி வாங்கிக்கொண்டார்.

காவி கட்டிய பிறகும் அப்படித்தான். தாய் புவனேசுவரி தேவிக்கு கேத்ரி மன்னர் அஜித் சிங் மாதம் 100 ரூபாய் அனுப்பிவந்தார். தமக்குப் பின்னும் அது தொடர வேண்டும் என்று 1898-ல் மன்னருக்கு எழுதிக் கேட்டார் விவேகானந்தர். சிகாகோவில் பெரும்புகழ் பெற்ற துறவி, தாய்க்காகக் கேட்கத் தயங்கவில்லை. 1901-ல் தாயைக் கிழக்கு வங்கத்துக்குத் தீர்த்த யாத்திரை அழைத்துப்போனார். அந்த வீட்டு வழக்கு 1902-ல் அவர் மறைவதற்குச் சில நாட்கள் முன்புதான் சமரசமாக முடிந்தது.

இதற்கு நேர்மாறாக, ராமகிருஷ்ணர் வாழ்ந்த தட்சிணேசுவரத்திலேயே ஹாஸ்ரா என்று ஒருவர் இருந்தார். தாயையும் மனைவி மக்களையும் ஊரில் விட்டுவிட்டு வந்து ஜபமாலை உருட்டிக்கொண்டிருந்தார். ஊருக்குப் போய்த் தாயைப் பார்க்கும்படி ராமகிருஷ்ணர் அவரை வற்புறுத்தினார்.

ஆகவே, துறவில் நாட்டம் வந்தது பாவமே இல்லை. ஆனால் தம்பிகள் சம்பாதிக்கும்வரை கேள்வி கேட்ட வாசகர் வேலையை விடக் கூடாது. விடியற்காலை ஜபத்தையும் தியானத்தையும் இன்றே தொடங்கலாம். அதற்குக் காவி தேவையில்லை. தள்ளிப்போடக் கூடாதது ஒன்று உண்டு. திருமணத்தில் விருப்பம் இல்லையென்றால், வீட்டார் பெண் பார்க்கக் கிளம்பும் முன்பே அம்மாவிடம் அதைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும்.