தன் நீரில் வேகும் காய்

கரிநாள்

பொங்கலுக்கு மறுநாளை எங்கள் பக்கம் கரிநாள் என்பார்கள். புதிய காரியம் எதையும் தொடங்க மாட்டார்கள். தொடங்க வேண்டியது ஒன்றும் இல்லாத நாள், ஆற்றுக்குப் போகத் தோதான நாள். வீரகேரளம்புதூரில் சிற்றாற்றின் கரையில் உட்கார்ந்திருக்கிறேன். மேற்கே குற்றால மலை நீலமாகத் தெரிகிறது. அங்கே அருவியாக விழுந்த தண்ணீர் தென்காசியைக் கடந்து இங்கே வருகிறது. மேக்கரை அடவிநயினார் அணையைத் தாண்டி வரும் அனுமன் நதியும் இந்த ஊர்ப் பக்கம்தான் சிற்றாற்றோடு சேர்கிறது. ஐப்பசி கார்த்திகையில் கலங்கி ஓடிய நீர் இப்போது தெளிந்திருக்கிறது.

பையில் இருப்பவை: கத்திரிக்காய் ஆறு, சீனிக்கிழங்கு நாலு, ஒரு கைப்பிடி சின்ன உள்ளி, மிளகாய் வற்றல், புளி, உப்பு, பழைய சோறு. ஒரு வேளைக்கு இது போதும்.

கல்

அடுப்புக்கு மூன்று கல். இரண்டில் பாத்திரம் நிற்காது. நாலு வைத்தால் ஒன்று ஆடும். மூன்றை முக்கோணமாக வைத்தால் நிலைகொள்ளும்.

ஆற்றுக்குள் கிடக்கும் வழவழப்பான கல்லை எடுக்கக் கூடாது என்பது ஆச்சி எனக்குச் சொன்ன முதல் பாடம். நீரில் கிடந்த கல்லின் நுண்ணிய வெடிப்புகளில் ஈரம் தங்கியிருக்கும். சூடேறும்போது அந்த ஈரம் ஆவியாகி, வெளியேற வழியில்லாமல் கல்லைப் பிளந்து தெறிக்கவிடும். கரைமேட்டில் மாதக்கணக்காக வெயில் குடித்த கற்களைத் தேடி எடுத்தேன்.

இரண்டாவது பாடம் அரளி. ஆற்றோரத்து அரளிக் குச்சி நேராக, கைக்கு வாகாக இருக்கும். பூவிலிருந்து வேர் வரை நஞ்சு. அதன் புகையும் ஆகாது. "கங்கைக் கிண்டுறதுக்குக்கூட அதைத் தொட்டுராதலே" என்பாள் ஆச்சி. அவள் போய்ப் பல வருடங்கள் ஆகின்றன. இன்றும் சுள்ளி பொறுக்கக் குனியும்போதெல்லாம் அந்தக் குரல் என் கையைப் பிடித்துக்கொள்கிறது.

தீ

காய்ந்த பன்னாடையில் பற்றவைத்து, பனையோலை போட்டு, அதன்மேல் உடைமரச் சுள்ளியை அடுக்கினேன். ஓலை பற்றியதும் தீ ஆளுயரத்துக்கு எழுந்தது. கண்ணை எடுக்க முடியாத அழகு. ஆனால் அந்தத் தீயில் ஒரு காயும் வேகாது. தோல் கருகும்; உள்ளே பச்சையாகவே கிடக்கும்.

விறகு சூடாகும்போது அதிலிருந்து வாயுக்கள் கிளம்புகின்றன. அவை எரிவதுதான் கொழுந்து. அவை தீர்ந்த பிறகு எஞ்சும் கரி, காற்றை வாங்கிக்கொண்டு சத்தமில்லாமல் கனல்வதுதான் கங்கு. கொழுந்து காற்றடிக்கும் பக்கமெல்லாம் சாயும். கங்கு இருந்த இடத்திலேயே இருந்து சீராகச் சூடு தரும்.

சின்ன வயதில் எனக்குப் பொறுக்காது. தீ எழுந்த உடனே கிழங்கைத் தூக்கிப் போட ஓடுவேன். "கொழுந்து அடங்கட்டும்லே. அதுவரைக்கும் சும்மா இரு" என்பாள் ஆச்சி. சும்மா இருப்பதைப் பற்றிப் பின்னாளில் எத்தனையோ படித்தேன். எனக்கு அதை முதலில் சொல்லிக் கொடுத்தது ஒரு கிழங்கு வேக வேண்டிய அவசியம்தான்.

இன்றும் அரைமணி நேரம் காத்திருந்தேன். மூன்று சிரட்டைகளை உடைத்துப் போட்டேன். சிரட்டைக் கங்கு இறுக்கமானது, சீக்கிரம் சாம்பலாகாது. மரங்கொத்தி ஒன்று எதிர்க்கரையில் தட்டிக்கொண்டிருந்தது. அது நிறுத்தியபோதுதான் அதுவரை கேட்டுக்கொண்டிருந்தேன் என்பது தெரிந்தது.

கத்திரிக்காய்

கத்திரிக்காயின் எடையில் பத்தில் ஒன்பது பங்குக்கும் மேல் தண்ணீர். ஈர்க்கால் நாலைந்து இடத்தில் குத்திவிட்டுக் கங்கின்மேல் வைத்தேன். குத்தாவிட்டால் உள்ளே சேரும் ஆவி காயை வெடிக்க வைக்கும். தோல் முதலில் மினுங்கியது, பிறகு சுருங்கியது, பிறகு கருத்தது. குத்திய இடங்களில் சீறல் கேட்டது. உள்ளிருக்கும் நீர் கொதிக்கிற ஓசை அது.

அந்த ஓசையைக் கேட்டபடி ஒன்றை யோசித்தேன். நான் இந்தக் காய்க்கு ஒரு சொட்டுத் தண்ணீர் விடவில்லை. அது தன் நீரிலேயே வேகிறது. நெருப்பு அதற்குச் சூட்டைத் தந்தது. வேகத் தேவையான நீர் காய்க்குள்ளேயே இருந்தது. வெளியே கருகும் தோல் உள்ளிருக்கும் சதையைக் காக்கும் சட்டியாகிவிட்டது.

காம்பைப் பிடித்துத் தூக்கினால் காய் துவண்டு தொங்க வேண்டும். அதுதான் பதம். கருகிய தோலைக் கையால் உரிக்கலாம். தண்ணீரில் கழுவக் கூடாது. கழுவினால் புகை வாசமும் சாறும் ஆற்றோடு போய்விடும். சுட்ட மிளகாய் வற்றல், உப்பு, பச்சை உள்ளி, கொஞ்சம் புளி சேர்த்துக் கையால் பிசைந்தேன். எண்ணெய்கூட வேண்டியிருக்கவில்லை.

சீனிக்கிழங்கு

சர்க்கரைவள்ளிக்கிழங்கு அமெரிக்கக் கண்டத்திலிருந்து கடல் கடந்து வந்தது. எங்கள் ஊரில் அதற்குச் சீனிக்கிழங்கு என்று பெயர். இன்று எந்த வீட்டிலும் அதை வந்தேறி என்று யாரும் நினைப்பதில்லை.

அதைக் கங்கின்மேல் வைக்கக் கூடாது. கங்கை ஒதுக்கி, சூடான சாம்பலுக்குள் புதைத்து, மேலே மறுபடி சாம்பலை மூடி, அதன்மேல் கங்கைப் பரப்ப வேண்டும். பிறகு அதை மறந்துவிட வேண்டும்.

இந்த மறதிக்குள் ஒரு வேலை நடக்கிறது. கிழங்குக்குள் மாவுச்சத்தை இனிப்பாக மாற்றும் நொதி ஒன்று இருக்கிறது. ஏறத்தாழ 60 முதல் 75 டிகிரி செல்சியஸ் வரையிலான சூட்டில் அது சுறுசுறுப்பாக இருக்கும். சூடு அதற்கு மேல் ஏறினால் அது செயலிழந்துவிடும். குக்கரில் வைத்தால் கிழங்கு இந்த எல்லையைச் சில நிமிடங்களில் தாண்டிவிடும். சாம்பலுக்குள் மெல்ல மெல்லத்தான் தாண்டும். அந்தத் தாமதம் முழுவதும் இனிப்பாகிறது. ஒரே கொடியில் பறித்த இரண்டு கிழங்கில் ஒன்றைச் சாம்பலிலும் ஒன்றைக் குக்கரிலும் வேகவைத்துத் தின்று பார்த்தால் நாக்குக்கே தெரியும்.

கத்திரிக்காய் தன் நீரில் வெந்தது. கிழங்கு தன் இனிப்பைத் தானே ஆக்கிக்கொண்டது.

நேற்றைய வாசல்

நேற்று வீட்டு வாசலில் பொங்கல். நெல்லை, தென்காசிப் பக்கத்தில் பல வீடுகளில் இன்றும் காவியும் சுண்ணாம்பும் பூசிய பொங்கல் கட்டி மூன்றை வைத்து, பனையோலை எரித்துத்தான் பொங்கல் விடுகிறார்கள். ஓலை நிமிடத்தில் எரிந்துவிடும். ஒருவர் பக்கத்திலேயே உட்கார்ந்து தள்ளிக்கொண்டே இருக்க வேண்டும். எழுந்து போக முடியாத அடுப்பு அது.

எங்கள் பொங்கலில் சோற்றுக்கு இணையான மரியாதை காய்க்கும் கிழங்குக்கும் உண்டு. சேனை, சேம்பு, வள்ளிக்கிழங்கு, சிறுகிழங்கு, வாழைக்காய், பூசணி, அவரை எல்லாம் சூரியனுக்கு முன் வைக்கப்படும். இவற்றில் எனக்குப் பிரியமானது சிறுகிழங்கு. விரல்நுனி அளவுதான். சாக்கில் போட்டுத் தரையில் தேய்த்துத்தான் தோலை எடுப்பார்கள். மண் வாசம் போகாமல் வேகும் கிழங்கு அது.

மார்கழி முழுக்கப் பூசணிப்பூ வைத்துக் கோலமிட்ட பெண்பிள்ளைகள் தை பிறந்ததும் மண்ணால் சின்ன வீடு கட்டிச் சிறுவீட்டுப் பொங்கல் வைப்பார்கள். நெருப்பை மூட்டவும் காக்கவும் அடக்கவும் குழந்தைகள் பழகிக்கொண்டது இப்படித்தான். அதற்குத் தனிப் பள்ளிக்கூடம் இருந்ததில்லை.

கூட்டாஞ்சோறு

எங்கள் பக்கத்தில் ஆற்றங்கரைச் சமையல் என்றால் கூட்டாஞ்சோறுதான். பிள்ளைகள் ஆளுக்கொரு பொருள் கொண்டுவருவார்கள். ஒருவன் அரிசி, ஒருத்தி துவரம்பருப்பு, இன்னொருவன் வீட்டுக் கொல்லையில் ஒடித்த முருங்கைக்கீரை. கத்திரிக்காய், முருங்கைக்காய், வாழைக்காய், அவரை, சீனியவரை, மாங்காய் என்று எது வந்தாலும் ஒரே பானைக்குள் போகும். தேங்காயும் சீரகமும் மிளகாயும் உள்ளியும் அரைத்த விழுது சேரும். ஒன்றும் இல்லாத வீட்டுப் பிள்ளை சுள்ளி பொறுக்கிக் கொண்டுவரும். அதற்கும் சமப் பங்கு உண்டு. பானை இறங்கிய பிறகு எது யார் வீட்டுக் காய் என்று யாராலும் பிரித்துச் சொல்ல முடியாது.

எல்லாம் ஒரே பானைக்குள் போனாலும் ஒரே நேரத்தில் போவதில்லை. பருப்பு முதலில். அது பாதி வெந்ததும் அரிசி. பிறகு வேக நேரமெடுக்கும் காய்கள். கீரை பின்னால். புளி கடைசிக்கு முன். காய்கள் வேகும் முன் புளியை ஊற்றிவிட்டால் அவை விறைத்துப்போகும். எவ்வளவு எரித்தாலும் மசியாது. புளிப்பு காயின் நார்ச்சுவரை இளகவிடாமல் இறுக்கிப் பிடிக்கும் என்பது அதன் காரணம். காரணம் தெரியாமலே எங்கள் பெண்கள் புளியைக் காத்திருக்க வைத்தார்கள்.

உறைக்க வேண்டிய சொல்லைச் சொல்வதற்கு முன் எதிரில் இருப்பவர் மனம் இளகியிருக்கிறதா என்று பார்க்கப் பழக எனக்கு நாற்பது வயதுக்கு மேல் ஆயிற்று.

நடை

வரும் வழியில் ஊற்றுமலை ஜமீனின் பழைய அரண்மனையைக் கடந்து வந்தேன். ஜமீன்தார் இருதயாலய மருதப்பத் தேவர் கழுகுமலைக்குக் காவடி எடுத்து நடந்தபோது பாடப்பட்டது சென்னிகுளம் அண்ணாமலை ரெட்டியாரின் காவடிச் சிந்து. 1865இல் பிறந்து 1891இல் மறைந்த கவிஞர். இருபத்தாறு வயது வாழ்வு. பாட்டு இன்றும் நடக்கிறது.

அந்த நடையில் வழியெல்லாம் யாரோ கல் கூட்டிச் சோறு ஆக்கியிருப்பார்கள். அவர்கள் பெயர் எதுவும் மிஞ்சவில்லை. இன்றும் திருச்செந்தூருக்கு நடந்து போகிறவர்கள் சாலையோரத்தில் மூன்று கல் வைத்துப் பொங்குகிறார்கள். அவர்கள் எழுந்து போன இடத்தில் கருத்த கற்களைப் பார்க்கும்போது நின்று கும்பிடத் தோன்றுகிறது.

புகை

இதையும் எழுதிவிட வேண்டும். ஒருநாள் ஆற்றங்கரைத் தீ எனக்கு அமைதி தருகிறது. ஆச்சிக்கு அது தினசரி. விடியலில் ஊதுகுழலோடு குனிந்தவள் இரவில்தான் நிமிர்ந்தாள். கண் எப்போதும் சிவந்திருக்கும். மழைக்காலத்தில் ஈர விறகோடு இருமுவாள். விறகுப் புகை நுரையீரலைத் தின்னும் என்று இன்று மருத்துவம் தெளிவாகச் சொல்கிறது. 2016இல் தொடங்கிய உஜ்வாலா எரிவாயுத் திட்டத்தின் நோக்கமே ஏழை வீட்டுப் பெண்களை அந்தப் புகையிலிருந்து வெளியே கொண்டுவருவதுதான். வீட்டுக்குள் எரிவாயு வந்தது நல்லது. விறகடுப்பின் ருசியைப் புகழும் வாய், அதற்காகக் கண்ணீர் விட்ட கண்களையும் நினைக்க வேண்டும்.

காடு

குற்றாலத்தில் சாரல் காலம் வந்தால் குடும்பம் குடும்பமாக வேனில் பாத்திரத்தோடு வந்து சமைத்துச் சாப்பிடுவார்கள். அதில் ஒரு சந்தோஷம் இருக்கிறது. ஆனால் செண்பகாதேவி அருவி, தேனருவிப் பக்கம் காடு. காப்புக்காட்டுக்குள் தீ மூட்டுவது சட்டப்படி குற்றம். 2018 மார்ச் 11 அன்று தேனி மாவட்டம் குரங்கணி மலையில் பரவிய காட்டுத்தீயில் மலையேறச் சென்றவர்கள் இருபது பேருக்கும் மேல் உயிரிழந்தார்கள். கோடையில் காய்ந்த போதைப்புல்லுக்கு ஒரு பொறி போதும். மூன்று கல்லுக்குள் நிற்கும்வரைதான் தீ நம்முடையது.

அணைத்தல்

கத்திரிக்காயைப் பழைய சோற்றோடு தின்றேன். கிழங்கைச் சாம்பல் தட்டிப் பிளந்தபோது ஆவியோடு தேன் போன்ற வாசம் வந்தது. பக்கத்தில் ஆடு மேய்த்துக்கொண்டிருந்த பெரியவருக்கு இரண்டு கொடுத்தேன். "நல்லா வெந்திருக்கு" என்றார். அதற்கு மேல் எதுவும் பேசவில்லை. இருவரும் ஆற்றைப் பார்த்துக்கொண்டே தின்றோம்.

தீயை அணைக்கத் தண்ணீர் ஊற்றினேன். மேலே கருத்த பிறகும் கீழே கங்கு இருக்கும். குச்சியால் கிளறி மறுபடி ஊற்றினேன். புறங்கையைச் சாம்பலுக்கு அருகே கொண்டுபோய்ச் சூடு இல்லை என்று தெரிந்த பிறகு எழுந்தேன். பக்கத்தில் யாரோ விட்டுப்போன பாலித்தீன் பைகளையும் என் பையில் போட்டுக்கொண்டேன்.

நீங்கள் ஆற்றங்கரையில் தீ மூட்டினால் இரண்டு காரியம் செய்யுங்கள். கொழுந்து அடங்கும்வரை காத்திருங்கள். எழுந்து போகும் முன் புறங்கையைச் சாம்பலுக்கு அருகே கொண்டுபோய்ப் பாருங்கள்.